ரிக் வண்டியும் ரஃபேல் கிரிவெல்லாரோவும்

திருச்செங்கோட்டு ரிக் வண்டிகளைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்தக் கட்டுரையின் நாயகனைப் புரியவைக்க நான் அதிகம் பாடுபட வேண்டியதில்லை. ஆழ்துளைக் கிணறு போடும் அந்த வண்டிகள் இந்தியாவில் போகாத மாநிலம் இல்லை. மொழி தெரியாத ஊர், பழகாத சாப்பாடு, முன்பின் பார்த்திராத பாறை. வண்டியோடு போகிறவர்களின் கையில் இருப்பது தொழில் ஒன்றுதான். தண்ணீர் வந்தால் அந்த ஊர் மாலை போடும், வராவிட்டால் முகம் கொடுத்துப் பேசாது. இரண்டில் எது நடந்தாலும் அடுத்த வாரம் வண்டி வேறு ஊரில் நிற்கும்.

ரஃபேல் கிரிவெல்லாரோ அப்படிப்பட்ட தொழில்காரர். 1989 பிப்ரவரியில் பிரேசிலில் பிறந்தவர். ஆடும் இடம் நடுக்களம். பலமான கால் இடது கால். போர்ச்சுகலின் விட்டோரியா கிமராயிஸ், ஐக்கிய அரபு அமீரகத்தின் அஜ்மான், போலந்தின் விஸ்வா கிராக்கோவ், மறுபடி போர்ச்சுகலில் அரோக்கா, ஃபெய்ரென்ஸ் என்று போய்க்கொண்டே இருந்தவர் 2019இல், தன் முப்பதாவது வயதில், சென்னையில் வந்து இறங்கினார். அஜ்மானின் வெயிலும் கிராக்கோவின் உறைபனியும் ஒரே காலணிக்குப் பழக்கம். பிரேசில் நாட்டு அணிக்காக அவர் ஒருமுறைகூட ஆடியதில்லை. உலகக் கோப்பைக்கு ஒட்டும் படங்களில் அவர் முகம் இருந்ததில்லை. ஆனாலும் தமிழ்நாட்டில் கால்பந்து பார்ப்பவர்களிடம் அவர் பெயரைச் சொன்னால் முகம் மலரும். அந்த மலர்ச்சிக்குக் காரணம் என்ன, அதிலிருந்து நம் கொங்குச் சீமை எடுத்துக்கொள்ள என்ன இருக்கிறது என்று சில வருடங்களாகவே யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

இப்படி ஊர் மாறி ஆடுகிறவர்களை 'நாடோடி வீரர்' என்று எழுதுவது பத்திரிகை வழக்கம். எனக்கு அந்தச் சொல்லில் உடன்பாடு இல்லை. நாடோடிக்குப் போகிற வழியே வாழ்க்கை. இவர்களுக்கோ ஊரில் வீடு இருக்கிறது, வீட்டில் ஆட்கள் இருக்கிறார்கள். பிழைப்புக்காக ஊர் மாறுகிற உழைப்பாளிகள் இவர்கள். திருப்பூர் பனியன் கம்பெனிக்குப் பீகாரிலிருந்து ரயிலேறி வருகிற பையனும், ரிக் வண்டியில் மத்தியப் பிரதேசம் போகிற நம்மூர் ஆளும், சென்னைக்கு விமானமேறிய கிரிவெல்லாரோவும் ஒரே சாதி. சம்பளத்தில் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் ஒப்பந்தத் தேதியை எண்ணிக்கொண்டே கண் விழிக்கிற காலைப்பொழுது மூன்று பேருக்கும் ஒன்றுதான்.

கோல் இல்லாத நான்கு ஆட்டங்கள்

2019-20 இந்தியன் சூப்பர் லீக் (ஐ.எஸ்.எல்.) சீசன். கிரிவெல்லாரோ சேர்ந்த சென்னையின் எஃப்.சி. முதல் நான்கு ஆட்டங்களில் ஒரு கோல்கூட அடிக்கவில்லை. கோவாவிடம் 0-3, பெங்களூருவிடம் 0-3, நடுவில் ஒரு 0-1, ஒரு 0-0. ஆறு ஆட்டங்கள் முடிந்ததும் பயிற்சியாளர் ஜான் கிரகரி விலகினார். டிசம்பரில் ஸ்காட்லாந்துக்காரர் ஓவன் கோயில் வந்தார். அணியில் ஆட்கள் மாறவில்லை. ஆனால் பந்து முன்பு போகாத வழிகளில் போகத் தொடங்கியது.

அந்த வழிகளில் பாதிக்கு மேல் கிரிவெல்லாரோவின் இடது காலிலிருந்து கிளம்பியவை. அந்த சீசனில் அவர் அடித்தது 7 கோல். பக்கத்தில் ஆடியவர்களுக்கு அவர் போட்டுக்கொடுத்த பந்துகளில் 8 கோலானது. அதே அணியில் ஆடிய லிதுவேனியாவின் நெரியூஸ் வால்ஸ்கிஸ் 15 கோலோடு, அதிக கோல் அடித்தவருக்கான தங்கக் காலணியை வாங்கினார். 2020 பிப்ரவரி முதல் தேதி கொச்சியில் கேரளா பிளாஸ்டர்ஸை 6-3 என்று அடித்த ஆட்டத்தை மலையாளிகள் இன்றும் மறந்திருக்க மாட்டார்கள். கிரிவெல்லாரோ இரண்டு, வால்ஸ்கிஸ் இரண்டு, சாங்டே இரண்டு. அரையிறுதியில் கோவாவை இரண்டு ஆட்டங்களும் சேர்த்து 6-5 என்று தாண்டி, தொடக்கத்தில் கோலுக்கே வழி தெரியாதிருந்த அணி இறுதிப் போட்டிக்குப் போய்ச் சேர்ந்தது.

2020 மார்ச் 14, கோவாவின் ஃபதோர்டா மைதானம். கொரோனா வாசலுக்கு வந்துவிட்டதால் ரசிகர் ஒருவரையும் உள்ளே விடவில்லை. பந்தை உதைக்கிற சத்தம் தொலைக்காட்சியில் தனியாகக் கேட்டது. ஏ.டி.கே. 3-1 என்று வென்றது.

ஒரு நடுக்கள ஆட்டக்காரர் உண்மையில் என்ன செய்கிறார் என்பதைத் தொலைக்காட்சி காட்டுவதில்லை. கேமரா பந்தின் பின்னால் ஓடுகிறது. அவருடைய வேலை முடிவதோ பந்து அவரிடம் வருவதற்கு முன்னால். பந்து வரும் முன்பே இடத் தோளுக்கு மேலே ஒரு பார்வை, வலத் தோளுக்கு மேலே ஒரு பார்வை. எதிராளி எந்தக் காலை ஊன்றி நிற்கிறான், நம்மாள் எந்தப் பக்கம் ஓடக் காத்திருக்கிறான் என்பதெல்லாம் அந்த இரண்டு பார்வைக்குள் அடங்கிவிடும். பந்து காலில் படும்போது உடம்பு ஏற்கெனவே பாதி திரும்பியிருக்கும். பார்க்கிற நமக்கு அவர் பந்தைச் சும்மா தட்டிவிட்டதுபோலத் தெரியும். நல்ல தறிக்காரர் இழை அறுந்ததைக் கண்ணால் பார்க்கும் முன்பே தறிச் சத்தத்தில் கண்டுபிடித்துவிடுவாரே, அந்த மாதிரி. இது உடம்பின் வேகத்தால் வருவதில்லை. பல ஊர்களில், பல பயிற்சியாளர்களிடம், பல ஆயிரம் முறை செய்து வருவது. முப்பது வயதுத் தொழில்காரரைக் காசு கொடுத்து ஒரு கிளப் அழைத்து வருகிறது என்றால், அது வாங்குவது இந்தப் பார்வையைத்தான்.

கரும்பு போன வழி, பந்து வந்த வழி

பிரேசில்காரர்கள் ஏன் இப்படி ஊர் ஊராகப் போகிறார்கள்? திறமை பொங்கி வழிகிற நாடு, அதனால் உலகத்துக்கே ஆள் அனுப்புகிறது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். பாதி உண்மை. மீதியைச் சம்பளப் பட்டியல் சொல்கிறது. 2016இல் பிரேசில் கால்பந்துக் கூட்டமைப்பு ஒரு கணக்கை வெளியிட்டது. பதிவு பெற்ற தொழில்முறை ஆட்டக்காரர்கள் 28 ஆயிரம் பேருக்கு மேல். அவர்களில் 82 சதவீதம் பேரின் மாதச் சம்பளம் ஆயிரம் ரியாலுக்குள். அந்நாட்டின் குறைந்தபட்சக் கூலியை ஒட்டிய தொகை அது. நம் பணத்தில் அன்று ஏறத்தாழ 20 ஆயிரம் ரூபாய். நெய்மரின் நாட்டில் ஐந்தில் நான்கு ஆட்டக்காரர்களின் நிலை இது. ஆகவே போர்ச்சுகலின் சிறு கிளப்போ போலந்தோ வளைகுடாவோ இந்தியாவோ கூப்பிட்டால் பெட்டியைக் கட்டுகிறார்கள். உலகம் முழுக்க நாடு விட்டு நாடு மாறி ஒப்பந்தமாகும் ஆட்டக்காரர்களில் வருடா வருடம் முதலிடம் பிரேசில்காரர்களுக்கே.

தமிழ்நாட்டுக்கு வந்த பிரேசில் நடுக்கள ஆட்டக்காரர்களில் கிரிவெல்லாரோ முதல்வர் அல்ல. 2014இல் எலானோ ப்ளூமர் வந்தார். 2010 உலகக் கோப்பையில் பிரேசிலுக்காக இரண்டு கோல் அடித்தவர். ஐ.எஸ்.எல்.லின் முதல் சீசனில் 8 கோலோடு தங்கக் காலணி அவருக்குத்தான். அடுத்து ரஃபேல் அகஸ்டோ. ரியோவின் ஃப்ளுமினென்ஸ் கிளப்பில் வளர்ந்து, அமெரிக்காவின் டி.சி. யுனைடெட் வழியாக 2015இல் சென்னை வந்தவர். அந்த ஆண்டு சென்னையின் எஃப்.சி. வென்ற ஐ.எஸ்.எல். கோப்பையிலும் அவர் பங்கு உண்டு. 2018 மார்ச்சில் பெங்களூரு கண்டீரவா மைதானத்தில், பெங்களூருவை அதன் சொந்த மண்ணில் 3-2 என்று வென்ற இறுதிப் போட்டியில் மூன்றாவது கோல் அவருடையது. பிறகு அதே பெங்களூருவுக்கே ஆடப் போனார். அதன்பின் டாக்காவின் பசுந்தரா கிங்ஸ். ரியோவில் பிறந்தவர் வங்கதேசத்தில் பிழைத்தார்.

எலானோ பிறந்த ஊர் இராசெமாபோலிஸ், சாவோ பாலோ மாநிலத்தின் கரும்பு பூமி. இந்த இடத்தில் கோயம்புத்தூர்க்காரர் யாரும் கொஞ்சம் நிமிர்ந்து உட்காரலாம். 1912இல் நம்மூரில் தொடங்கிய கரும்பு இனப்பெருக்க நிலையத்தில் விஞ்ஞானிகள் பார்பரும் டி.எஸ். வெங்கட்ராமனும் காட்டுக் கரும்பை நாட்டுக் கரும்போடு சேர்த்து உருவாக்கிய ரகங்களுக்கு 'கோ' என்று பெயர். கோயம்புத்தூரின் முதல் எழுத்து. கோ 290, கோ 419 போன்றவை கடல் கடந்து போய் பிரேசிலின் வயல்களில் பல ஆண்டுகள் விளைந்தன. நம்மூர்க் கரும்பு அங்கே வேர் பிடித்தது. அவர்களின் ஆட்டம் இங்கே வந்தது. ஆனால் கரும்பு வேர் பிடித்ததுபோல ஆட்டம் இங்கே பிடிக்கவில்லை என்பதுதான் என் ஆற்றாமை. ஏன் பிடிக்கவில்லை என்பதற்கு நேரு ஸ்டேடியத்துக்குப் போக வேண்டும்.

நேரு ஸ்டேடியத்தின் ஒரு சீசன்

வ.உ.சி. பூங்காவுக்குப் பக்கத்தில், சுற்றிலும் கடைகள் கட்டிய நம் நேரு ஸ்டேடியத்தைக் காலையில் நடைப்பயிற்சிக்குப் போகிறவர்களுக்குத் தெரியும். ஓட்டப்பந்தயத் தடம் சுற்றி ஓட, நடுவில் புல்தரை. 2017-18 சீசனில் சென்னை சிட்டி எஃப்.சி. தன் ஆட்டங்களைச் சென்னையிலிருந்து இங்கே மாற்றிக்கொண்டது. 1946இல் தொடங்கியதாகச் சொல்லப்படும் பழைய கிளப். அதற்கு முந்தைய சீசனில்தான் நாட்டின் இன்னொரு தேசிய லீக்கான ஐ-லீக்கில் நுழைந்திருந்தது. பெயரில் சென்னை, ஆடியது கோவையில்.

2018-19க்கு சிங்கப்பூர்க்காரர் அக்பர் நவாஸ் பயிற்சியாளர். ஸ்பெயினிலிருந்து ஒரு கூட்டம் வந்து இறங்கியது. நடுக்களத்தில் சாண்ட்ரோ ரோட்ரிகஸ், நெஸ்டர் கோர்டிலோ. பின்களத்தில் ரொபெர்ட்டோ எஸ்லாவா. கோல்கீப்பர் நவ்செட் சாண்டானா. முன்களத்தில் உருகுவே வேர் கொண்ட பெட்ரோ மான்சி. ஐரோப்பாவின் பெரிய கிளப்புகளில் இவர்கள் பெயரை யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். ஸ்பெயினின் கீழ்ப் பிரிவுகளில் சின்னச் சின்ன மைதானங்களில் ஆடிப் பிழைத்தவர்கள். கிரிவெல்லாரோவின் அதே வகை, வேறு நாடு. கூட எட்வின் சிட்னி வன்ஸ்பால், அலெக்சாண்டர் ரொமாரியோ ஜேசுராஜ் போன்ற நம் பையன்கள்.

2018 அக்டோபர் 26, முதல் ஆட்டம். இந்தியன் ஆரோஸை 4-1 என்று வென்றார்கள். மான்சி மூன்று. அங்கிருந்து கோவைக்காரர்கள் கொஞ்சம் கொஞ்சமாக ஸ்டேடியத்துக்குள் வரத் தொடங்கினார்கள். கிரிக்கெட்டும் கூடைப்பந்தும்தான் இந்த ஊரின் ஆட்டங்கள் என்று நினைத்திருந்த நானும் வந்தேன். கேலரியில் கேரளத்துப் பையன்களின் கொட்டுச் சத்தம், பாலக்காட்டு வாடை, கல்லூரி விடுதிப் பிள்ளைகள், வேலை முடிந்து யூனிஃபார்மோடு வந்த பட்டறைத் தொழிலாளிகள். பந்து சாண்ட்ரோவிடம் வரும்போது நான் பந்தை விட்டு அவர் தலையைப் பார்க்கக் கற்றுக்கொண்டது அங்கேதான். அந்த இரண்டு தோள் பார்வைகளை முதன்முதலில் கண்ணால் கண்டதும் அங்கேதான். சில மாதங்களில் இன்னொன்றையும் கவனித்தேன். நம் பையன்களும் பந்து வருமுன் தலையைத் திருப்பத் தொடங்கியிருந்தார்கள். பக்கத்திலிருந்து பார்த்துப் பார்த்து ஒட்டிக்கொண்ட பழக்கம். எந்தப் பயிற்சி முகாமும் ஒரு வாரத்தில் கொடுத்துவிட முடியாத ஒன்று.

2019 மார்ச் 9, சனிக்கிழமை மாலை. கடைசி ஆட்டம். மினர்வா பஞ்சாபை வென்றால் பட்டம் நமக்கு. தவறினால், கோழிக்கோட்டில் அதே நேரம் ஆடிக்கொண்டிருக்கிற ஈஸ்ட் பெங்காலுக்கு வாய்ப்பு. மூன்றாவது நிமிடத்திலேயே மினர்வா கோல் அடித்துவிட்டது. இடைவேளை வரை 0-1. கேலரியில் ஒரு கண் மைதானத்தில், ஒரு கண் கைபேசியில். இரண்டாம் பாதியில் பெனால்டி, மான்சி அடித்தார். பிறகு கௌரவ் போரா. அசாமிலிருந்து கோவைக்கு வந்து ஆடிய பையன். அவரும் பிழைப்புக்கு ஊர் மாறியவர்தான். அவர் ஒன்று அடித்தார், கடைசி நேரத்தில் இன்னொன்றும் அடித்தார். 3-1. கோழிக்கோட்டில் ஈஸ்ட் பெங்காலும் வென்றிருந்தது. 20 ஆட்டங்களில் சென்னை சிட்டி 43 புள்ளி, ஈஸ்ட் பெங்கால் 42. ஒரு புள்ளி. தமிழ்நாட்டுக் கிளப் ஒன்று ஐ-லீக் பட்டம் வென்றது அதுவே முதல்முறை. அந்தச் சீசனில் அணி அடித்த 48 கோலில் மான்சியுடையது மட்டும் 21.

அன்று இரவு ஸ்டேடியத்தைச் சுற்றிய கடைகளில் பாதி மூடவில்லை.

கையெழுத்தில் தொங்கும் வாழ்க்கை

பட்டம் வென்ற அணிக்கு அடுத்து என்ன நடந்தது என்பதில்தான் ஊர் மாறி ஆடுகிறவர்களின் வாழ்க்கை முழுதாகத் தெரியும். நெஸ்டர், சென்னை சிட்டியோடு ஒப்பந்தம் இருக்கும்போதே வேறு கிளப்போடு கையெழுத்துப் போட்டார் என்று புகார் எழுந்தது. 2019 செப்டம்பரில் அவருக்கு நான்கு மாதத் தடை. தடை முடிந்து ஹைதராபாத்துக்கு ஆடினார். மான்சி 2020 ஜனவரியில் ஜப்பானின் அல்பிரெக்ஸ் நீகாட்டாவுக்குப் போனார். எட்வின் சென்னையின் எஃப்.சி.க்குப் போய் கிரிவெல்லாரோவின் பக்கத்தில் ஆடினார். கோவையில் சாண்ட்ரோவிடம் பார்த்ததை அவர் அங்கே கிரிவெல்லாரோவிடமும் பார்த்திருப்பார்.

இவர்களின் தொழிலுக்கு எழுதிய சட்டங்கள் இருக்கின்றன. ஆண்டுக்கு இரண்டு முறைதான் பதிவுச் சாளரம் திறக்கும். நாடு விட்டு நாடு போக, பழைய நாட்டின் சங்கம் சான்றிதழ் அனுப்ப வேண்டும். ஒரு சீசனில் அதிகபட்சம் மூன்று கிளப்பில் பதியலாம், இரண்டில்தான் ஆடலாம். அதற்கு மேல் நம் லீக்கின் விதி. 2020-21 வரை ஐ.எஸ்.எல். அணி ஐந்து வெளிநாட்டவரைக் களத்தில் இறக்க முடிந்தது. அடுத்த சீசனிலிருந்து அது நான்காகக் குறைந்தது. இந்திய வீரர்களுக்கு இடம் கிடைக்க இந்த மாற்றம் தேவை என்பது என் கருத்து. ஆனால் ஓர் எண் மாறும்போது எங்கோ ஒரு வீட்டில் வாடகை பாக்கியாகிறது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இந்த வாழ்க்கையின் இருண்ட பக்கத்தை இந்தியா மிக அருகில் பார்த்திருக்கிறது. 2004 டிசம்பர் 5, பெங்களூரு கண்டீரவா மைதானம், ஃபெடரேஷன் கோப்பை இறுதிப் போட்டி. கோவாவின் டெம்போவுக்கு ஆடிய பிரேசில்காரர் கிறிஸ்டியானோ ஜூனியர் மோகன் பகானுக்கு எதிராக இரண்டு கோல் அடித்தார். இரண்டாவது கோல் அடிக்கும்போது கோல்கீப்பரோடு மோதிச் சரிந்தார். எழவே இல்லை. அவருக்கு 25 வயது. சொந்த ஊரிலிருந்து அரை உலகம் தள்ளி, மொழி தெரியாத நகரத்தில், தன் அணிக்குக் கோப்பையை வாங்கிக் கொடுத்த நிமிடத்திலேயே அவர் போய்விட்டார். அவர் முன்கள ஆட்டக்காரர். ஆனால் இந்தக் கட்டுரையில் அவர் பெயரைச் சொல்லாமல் போக எனக்கு மனம் வரவில்லை.

2020 மே மாதத்தில் இன்னொன்று நடந்தது. ஊரடங்கில் மாட்டிக்கொண்ட ஈஸ்ட் பெங்கால், மோகன் பகான் அணிகளின் ஸ்பெயின் ஆட்டக்காரர்கள் கொல்கத்தாவிலிருந்து டெல்லி வரை பஸ்ஸிலேயே போய் விமானம் ஏறினார்கள். அதே நாட்களில் திருப்பூரிலிருந்தும் கோவையிலிருந்தும் வடமாநிலத் தொழிலாளிகள் மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு ரயிலுக்கு வரிசையில் நின்றார்கள். தொலைக்காட்சியில் இரண்டையும் பார்த்த அன்றுதான் 'ஒரே சாதி' என்று நான் மேலே எழுதியது மனதில் விழுந்தது.

திரும்பி வந்தவர்

கிரிவெல்லாரோவுக்கு 2020-21இல் சென்னையின் எஃப்.சி. தலைவர் பட்டையைக் கொடுத்தது. ஊரே இல்லாத சீசன் அது. எல்லா ஆட்டமும் கோவாவில், பூட்டிய ஹோட்டலுக்கும் காலி மைதானத்துக்கும் நடுவே. டிசம்பரில் கோவாவுக்கு எதிராக, ஆட்டம் தொடங்கிய சில நிமிடங்களில், கார்னர் கொடியின் பக்கத்தில் பந்தை வைத்தார். கார்னர் என்றால் பந்தை நடுவுக்குத் தூக்கிப் போடுவது வழக்கம், யாராவது தலையால் முட்டுவார்கள். அவர் இடது காலால் சுழற்றியடித்த பந்து யார் தலையையும் தேடவில்லை. காற்றிலேயே வளைந்து, கோல்கீப்பரைத் தாண்டி, நேராக வலைக்குள் விழுந்தது. அன்று சென்னை 2-1 என்று வென்றது. பார்க்காதவர்கள் தேடிப் பாருங்கள். சுழலும் பந்தின் வளைவு எப்படி இருக்கும் என்பதற்கு அதைவிட நல்ல பாடம் இல்லை.

அடுத்த மாதமே கணுக்கால் காயம். அந்த சீசன் அதோடு முடிந்தது. முப்பத்திரண்டு வயதை நெருங்கும் நடுக்கள ஆட்டக்காரருக்குக் கணுக்கால் என்பது டிரைவருக்குக் கண் மாதிரி. பெரிய நட்சத்திரம் என்றால் கிளப் காத்திருக்கும். ஊர் ஊராக ஆடுகிறவருக்கு அப்படிக் காத்திருக்க யாருமில்லை. சென்னையை விட்டார். போர்ச்சுகலுக்குப் போனார். அவ்வளவுதான் என்று பலரும் நினைத்தார்கள். 2022-23இல் ஜாம்ஷெட்பூரின் சட்டையில் இந்தியாவுக்குத் திரும்பி வந்தார். டாடாவின் இரும்பு நகரத்தில் ஒரு சீசன். 2023-24இல் மறுபடி சென்னை, மறுபடி அதே ஓவன் கோயில். வயது முப்பத்து நான்கு, முப்பத்தைந்து. வேகம் குறைந்திருந்தது. அந்த இரண்டு தோள் பார்வைகள் மட்டும் குறையவில்லை.

போன ஊருக்கே மறுபடி கூப்பிடப்படுவதை இந்தத் தொழிலின் உச்சமான மரியாதை என்று நினைக்கிறேன். ரிக் வண்டிக்காரரை ஒரு கிராமம் இரண்டாம் தடவை கூப்பிட்டால் அதற்கு ஒரே அர்த்தம்தான். முதல் தடவை அங்கே தண்ணீர் வந்தது.

நம் ஊருக்கு ஒரு வார்த்தை

கிரிவெல்லாரோ திரும்பி வர ஒரு கிளப் இருந்தது. சாண்ட்ரோவோ மான்சியோ நாளை கோவைக்குத் திரும்ப நினைத்தால் எங்கே வருவார்கள்?

சென்னை சிட்டியின் கதை வேகமாக முடிந்தது. 2019 பிப்ரவரியில் சுவிட்சர்லாந்தின் எஃப்.சி. பாசல் அதில் 26 சதவீதப் பங்கு வாங்கியபோது ஊரே பெருமைப்பட்டது. 2020 ஜனவரியில் ஆசிய சாம்பியன்ஸ் லீக் தகுதிச் சுற்று. இந்தியாவின் சாம்பியன் தன் ஊரில் ஆட முடியாமல் அகமதாபாத்தில் போய் ஆடி, பஹ்ரைனின் ரிஃபாவிடம் 0-1 என்று தோற்றது. அதே வருடம் மார்ச்சில் மாலத்தீவில் மாசியா கிளப்போடு 2-2 என்று சமன். பிறகு கொரோனா. 2021க்குப் பின் அந்தப் பெயர் ஐ-லீக் பட்டியலில் இல்லை. பட்டம் வென்று இரண்டே வருடம்.

கிளப் போனதும் கேலரி வெறிச்சோடியது. அந்த சீசனில் நேரு ஸ்டேடியத்தில் பந்து பொறுக்கிக் கொடுத்த பிள்ளைகள் இப்போது பதினெட்டு, இருபது வயதில் இருப்பார்கள். ஆட வேண்டிய வயது. அவர்களுக்கு ஆடிக்காட்டிய ஆட்கள் உலகத்தின் வேறு வேறு மூலைகளில்.

தூரத்தில் இருக்கிற பெருமையை நான் தேடவில்லை. நீலகிரி வெலிங்டனில் உள்ள மெட்ராஸ் ரெஜிமெண்டல் சென்டர் 1955லும் 1958லும் டுராண்ட் கோப்பையை வென்ற அணி. மேட்டுப்பாளையத்திலிருந்து மலையேறினால் இரண்டு மணி நேரத்துக்குள் எட்டுகிற இடம். ஒரு ராணுவ முகாமால் அன்று முடிந்தது. பம்பு செட்டும், மில்லும், பனியனும், ஃபவுண்டரியும், ரிக் வண்டியும், லாரியும் வைத்து உலகத்தோடு வியாபாரம் செய்கிற பகுதி இது. ஒரு கால்பந்துக் கிளப்பை நிற்கவைக்க முடியாதா? பெரிய தொகை கேட்கவில்லை. மாவட்ட லீக்கில் ஆடும் அணி, பன்னிரண்டு வயதிலிருந்து பிள்ளைகளைச் சேர்க்கும் பள்ளி, ஆண்டு முழுக்கப் பச்சையாக இருக்கும் ஒரு மைதானம். இதற்குப் பண ஆதாயமும் உண்டு என்பது பலருக்குத் தெரியாது. ஓர் ஆட்டக்காரர் விலைக்கு ஒரு கிளப்பிலிருந்து வேறு நாட்டுக் கிளப்புக்குப் போனால், அந்தத் தொகையில் 5 சதவீதம் அவரை 12 வயது முதல் 23 வயது வரை வளர்த்த கிளப்புகளுக்குப் போக வேண்டும் என்பது ஃபிஃபா விதி. பிரேசிலின் சின்ன ஊர்க் கிளப்புகள் பல இதை நம்பி வாழ்கின்றன.

அடித்தளம் இல்லாமல் வெளிநாட்டுத் தொழில்காரரை மட்டும் கூட்டிவருவதில் பயனில்லை. பந்தைப் போட்டுக்கொடுக்க அவருக்குப் பக்கத்தில் நம் பிள்ளை நிற்க வேண்டும். நம் பிள்ளைக்கு முன்னால் அவரும் நிற்க வேண்டும். 2018-19இல் இரண்டும் சேர்ந்து நடந்தது. சேர்ந்து நடந்தபோது என்ன ஆகும் என்பதை இந்த ஊர் தன் கண்ணால் பார்த்துவிட்டது.

இதைப் படிக்கிற தொழிலதிபர்களுக்கும், கல்லூரி நிர்வாகிகளுக்கும், ஞாயிற்றுக்கிழமை பிள்ளையைக் கூட்டிக்கொண்டு மைதானத்துக்குப் போகிற அப்பா அம்மாவுக்கும் என் வேண்டுகோள் இதுதான்: நமக்கென்று ஒரு கிளப்பைத் தொடங்குவோம். சின்னதாக இருந்தாலும் போதும். அது கோவையில் ஆடட்டும். இந்தத் தடவை அதன் பெயரிலும் கோயம்புத்தூர் இருக்கட்டும்.